பதிலளிப்பாளர் நான்கு

நாவற்குடா,
மட்டக்களப்பு.
23.08.2009

அன்புள்ள மகள் நிருஷாவுக்கு,

அம்மா எழுதுறன். நானும் அப்பாவும் உடம்பால சுகமா இருக்கிறம், மனம்தான் ஒரு இடத்தில நிக்குதில்ல. நீ அந்த மலைக் குளிருக்குள்ள இருமல் தடிமன் இல்லாம இருக்க வேணும் எண்டு மாமாங்கத்துப் பிள்ளையாரக் கும்பிட்டுக்கொண்டுதான் பேனையத் தொட்டன். இந்தக் கடிதத்தக் கொண்டு வாறது காத்தான்குடி ஆதம்பாவா காக்கா, எங்களுக்கு அண்ணன் மாதிரி மனுசன். கண்டிக்கு நெசவுச் சாரம், கைலி ஏத்திக்கொண்டு வாற லொறியில தானே வாறாராம், உன்ட கையிலதான் குடுப்பன் வேற ஆரிட்டயும் குடுக்க மாட்டன் எண்டு சொன்னார். தபாலில போட எனக்குப் பயம். போனில கதைப்பம் எண்டா அதுவும் பயம். நீ ரெண்டு தரம் எடுத்து ஏன் அம்மா ஒண்டும் சொல்லுறீங்க இல்ல, நான் அனுப்பினத வாசிச்சிட்டீங்களா இல்லையா எண்டு கேட்டாய். நான் வெயிலப் பத்தியும் மீன் விலையப் பத்தியும் கதைச்சுப்போட்டு வச்சன். கோவிச்சுக்கொள்ளாத மகள், இப்ப எல்லாம் சொல்லுறன்.

முதல்ல வீட்டுக் கதை. அப்பா சிறுபோக நெல்லு வெட்டுக்குக் கொக்கட்டிச்சோலைப் பக்கம் போய் நிண்டவர், முந்தாநாள்தான் மண்முனை ஓடத்துறையால வந்தார். இப்ப துறையில முந்தின மாதிரிச் சோதனை இல்லையாம், ஆனா பேரும் அடையாள அட்டையும் எழுதித்தான் விடுறாங்களாம். இந்த முறை வயல் வட்டைக்குள்ள விளைச்சல் பரவாயில்ல, ஆள்தான் இல்ல வெட்டுறதுக்கு எண்டார். எங்கட கிணத்துத் தண்ணி நல்லா இறங்கிப் போச்சு. வாவியில மீன் குறைவு, இறால் மட்டும் கொஞ்சம் படுது, அதில காயவச்சு ஒரு பை அனுப்பியிருக்கிறன். வறுத்த அரிசிமாவும் இருக்கு. உன்ட அறையில இருக்கிற மற்றப் புள்ளையளுக்கும் குடு, ஆனா இறாலுக்கு எறும்பு வராமப் பாத்துக்கொள். தலைக்கு எண்ணெய் வைக்கிறல்ல எண்டு உன்ட குரலிலேயே தெரியுது. படிக்கிற புள்ளைக்கு மண்டை காயக் கூடாது.

இனி விசயத்துக்கு வாறன். நீ கம்பஸ் கடைசி வருசக் கட்டுரைக்கு எழுதி ஆடி மாசம் அனுப்பின அந்த அத்தியாயம் பத்திரமா வந்து சேந்தது. மாசி லீவில வந்து றெக்கோட் பண்ணிக்கொண்டு போன நாலு பொண்டுகளுக்கும் அவங்கட அவங்கட பகுதிய மட்டும் தனித்தனியா வாசிச்சுக் காட்டி, சம்மதமா எண்டு கேட்டு எழுதுங்க அம்மா, எங்கட மிஸ் அப்பிடிச் செய்யாம ஒப்படைக்க விட மாட்டா எண்டு துண்டுக் கடதாசி வச்சிருந்தாய். உங்கட மிஸ் நல்ல மனுசி எண்டு நினைச்சன். எங்களிட்ட எத்தினை பேர் வந்து எழுதிக்கொண்டு போனாங்க, ஒருத்தராவது கிறுகித் திரும்பி வந்து நீங்க சொன்னது இதானா எண்டு கேட்டதில்ல.

ஆனா மகள், வாசிக்க இருந்தாப் பிறகுதான் தெரிஞ்சது. ஒரு பக்கம் வாசிக்க எனக்கு ஒரு முற்பகல் போச்சு. நான் பத்தாம் வகுப்பு வரைக்கும் படிச்சவள், ஊருக்கே கடிதம் வாசிச்சுக் குடுக்கிறவள், எனக்கு இந்தத் தமிழ் பிடிபடல்ல. மீளிணைவு, எதிர்கொள்ளல் உத்தி, சமூக மூலதனம். ஒவ்வொரு சொல்லாப் பாத்தா விளங்குது, சேத்து வாசிச்சா நழுவிப் போகுது. அப்பதான் உன்ட முதல் வருசம் ஞாபகம் வந்தது. நீ போனில அழுதாய். பொழுது படும் வரைக்கும் இருந்தும் ஒரு பக்கம் தாண்ட முடியல்ல எண்டாய். நான் உனக்குச் சொன்னது பாடமாக்கு எண்டு. நீயும் பாடமாக்கி எழுதிக் குடுத்து, அது முழுக்கச் சிவப்புக் கோடு விழுந்து வந்தது. இது ஆர் சொன்னது, எங்க சொன்னது, நீ என்ன நினைக்காய் எண்டு ஓரத்தில கேட்டிருந்ததாம். எட்டுப் பாடம் திறமாச் சித்தியெய்தின புள்ள, நான் நினைக்கிறத ஆர் இதுவரைக்கும் கேட்டவங்க அம்மா எண்டு நீ அழுதது இப்பவும் காதில நிக்குது. அப்பிடி அழுத புள்ளதான் இதெல்லாம் எழுதியிருக்காள் எண்டு நினைக்கேக்க எனக்குப் பெருமையாத்தான் இருந்தது. விளங்காட்டியும் பெருமை.

ஆச்சிப்பிள்ளை மாமிக்குத்தான் முதல் வாசிச்சன். பெண் தலைமைக் குடும்பம் எண்டு வந்த இடத்தில நிப்பாட்டச் சொல்லி, ஆரு தலைமை எண்டு கேட்டா. நீங்கதான் எண்டன். மனுசி கொஞ்ச நேரம் யோசிச்சுப்போட்டு, மனுசன் செத்தாப் பிறகு எனக்குப் பதவி தந்திருக்காள் உன்ட மகள் எண்டு வயிறு குலுங்கச் சிரிச்சா. மாமியும் மற்ற ரெண்டு பேரும் சரி எண்டு சொல்லிச் சம்மதத் தாளில ஒப்பம் வச்சிட்டாங்க. அதுகள் மூண்டும் இந்த உறைக்குள்ள இருக்கு. நாலாவது இல்ல.

நாலாவதை நான் முதல்ல தனிய இருந்து வாசிச்சன். பதிலளிப்பாளர் நான்கு எண்டா இலட்சுமிப்பிள்ளை அக்கா எண்டு தெரியும். நாவலடியில சுனாமிக் கடல் வந்த அண்டைக்குப் புருசன், சின்ன மகன், மகள் கோகிலவாணி, மூண்டு பேரையும் குடுத்துப்போட்டு ஒத்தையா இந்த வீட்டுத்திட்டத்துக்கு வந்தவ. அவ வந்த நாளில இருந்து எனக்குக் கூடப்பிறக்காத அக்கா. ஒவ்வொரு மார்கழியும் இருபத்தாறாம் திகதி கடற்கரைக்கு நாங்க ரெண்டு பேரும்தான் போறது. அவ ரெண்டு விளக்கு வைப்பா, மூண்டாவத என்ட கையில தந்து நீ வை புஸ்பம் எண்டுவா. என்னத்துக்கு எண்டு நான் கேட்டதில்ல. பெத்த வயிறு, பொம்புளப் புள்ளைக்கு வைக்கக் கை வருகுதில்லையாக்கும் எண்டு நினைச்சு நான் வைப்பன். கண்ணால காணாத புள்ளைக்கு நாலு வருசம் விளக்கு வச்சன் மகள்.

அந்தப் புள்ள கடலில போகல்ல எண்டு உன்ட அத்தியாயத்திலதான் நான் வாசிச்சன்.

இயக்கத்துக்குப் பிடிச்சுக்கொண்டு போன புள்ளையள், இயக்கம் ரெண்டாப் பிரிஞ்சு வீட்டுக்கு வந்த அந்தக் கடல் வருசம், அவளும் வந்ததையும், கடல் வந்தாப் பிறகு பள்ளிக்கூட முகாமில பேர் எழுத வந்தவங்களிட்டத் தாய் மூண்டு பேரையும் கடல் கொண்டு போட்டுது எண்டு சொன்னதையும், செத்த புள்ளைய ஆரும் தேடி வர மாட்டாங்க எண்டுதான் அப்பிடிச் சொன்னதையும், புள்ளைய ஒளிச்சுத் திருக்கோவில் பக்கம் தங்கச்சி வீட்டில விட்டதையும், அப்பிடி விட்டும் அடுத்த வருசம் அவளக் கண்டு பிடிச்சு வன்னிக்குக் கொண்டு போனதையும் நீ எல்லாம் எழுதியிருக்காய். நான் கடதாசிய மடிச்சு வச்சுப்போட்டு அடுப்பில கறி கருகிறது கூடத் தெரியாம இருந்தன். எனக்கு முதல்ல வந்தது கோவம்தான். என்னோட ஒரு கோப்பையில சோறு தின்னவ, என்னட்டச் சொல்லாததை உன்ட றெக்கோடருக்குச் சொல்லியிருக்கா. நீயும் என்னட்ட ஒரு சொல்லுச் சொல்லல்ல. மறுகா நினைச்சுப் பாத்தா நீ வந்து றெக்கோட் பண்ணினது மாசி மாசம், வன்னி எரிஞ்சுகொண்டு கிடந்த நேரம். ஆரிட்டயாவது சொல்லாட்டி நெஞ்சு வெடிச்சிரும் எண்டு சொல்லியிருப்பா. வைகாசியில சண்டை முடிஞ்சாப் பிறகு எங்கட வீட்டுக்கு வந்து டீவிக்கு முன்னால இருந்ததும், முள்ளுக்கம்பிக்குள்ள நிக்கிற சனத்தக் காட்டேக்க டீவிக் கண்ணாடியோட முகம் முட்டப் போய்ப் பாத்ததும் எனக்கு அப்பதான் விளங்கினது. நான் அவவ, கண் தெரியாட்டி டொக்டரிட்டக் காட்டன் அக்கா எண்டு பகிடி பண்ணினன்.

அவட பகுதிய வாசிச்சுக் காட்ட எனக்குத் துணிவு வரல்ல. இண்டைக்கு நாளைக்கு எண்டு தள்ளினன். ஒரு நாள் காலமை அவவே வந்திட்டா. ஏன் புஸ்பம், எல்லாருக்கும் வாசிச்சியாம், என்னைய மட்டும் ஏன் விட்டாய் எண்டு கேட்டுக்கொண்டு குசினிக்குள்ள வந்து பலகையில இருந்தா. நான் வாசிச்சிட்டன் அக்கா எண்டன். அவ என்ட முகத்தப் பாத்தா. மறுகா, சரி இப்ப எனக்கு வாசி எண்டா.

வாசிச்சன். உன்ட வசனத்த அப்பிடியே எழுதிறன் பார். பதிலளிப்பாளர் நான்கு தமது மகளின் இறப்பினைத் தந்திரோபாய அடிப்படையில் பதிவு செய்துள்ளார், இவ்வாறான பொய்த் தரவுகள் அனர்த்தக் கணக்கெடுப்பின் நம்பகத்தன்மையைப் பாதிக்கின்றன. இந்த இடத்தில கையப் பிடிச்சிட்டா. தந்திரோபாயம் எண்டா என்ன, தந்திரமா எண்டு கேட்டா. நான் மழுப்பினன். படிச்சாக்கள் அப்பிடித்தான் எழுதுவாங்க, அது கெட்ட சொல்லில்ல எண்டன். பொய் எண்டதுக்கு என்ன சொல்லப் போறாய் எண்டு கேட்டா. நான் பொய்தான் சொன்னன் புஸ்பம், ஆனா அந்தப் பொய்ய என்ட வாயால சொல்லேக்க எனக்கு என்ன நடந்தது எண்டு நான் உன்ட மகளுக்குச் சொன்னன், அத எங்க விட்டாள் எண்டு கேட்டா. உயிரோட இருக்கிற புள்ளைய ரெண்டு செத்ததுகளுக்கு நடுவில வச்சுப் பேர் சொன்னவவாம். சொல்லிப்போட்டு வெளியில போய்ச் சத்தி எடுத்தவவாம். அது உன்ட அத்தியாயத்தில இல்ல மகள். உணர்ச்சிய எடுத்துப்போட்டு எழுதச் சொல்லித்தான் உனக்குப் பழக்கியிருக்காங்க எண்டு தெரியும். ஆனா அது உணர்ச்சியா, நடந்ததா? எனக்குத் தெரியாது, நீ யோசி.

நான் அப்ப அவவுக்கு ஆறுதலாச் சொன்னன், இந்தப் பகுதிய முழுக்க வெட்டி எடுக்கச் சொல்லி மகளுக்கு எழுதுறன் அக்கா, பயப்படாத எண்டு. மனுசி திடுக்கிட்டு எழும்பிட்டா. எடுக்காத எண்டா. என்ட புள்ள கடலுக்குப் பிறகும் உயிரோட இருந்தவள் எண்டு இந்த உலகத்தில வேற எந்தக் கடதாசியில இருக்கு எண்டு கேட்டா. ஊர் விதானையிட்ட இருக்கிறதில செத்தவள். கச்சேரி, அரசாங்கக் கந்தோரில இருக்கிறதில செத்தவள். நிவாரணம் தந்த ஆக்கள்ட புத்தகத்தில செத்தவள். அவட பிறப்பு அத்தாட்சி, படம், பள்ளிக்கூடப் புத்தகம் எல்லாம் கடலோட போச்சு. மற்றத் தாய்மார் எல்லாம் முகாம் முகாமாத் தேடிப் போறாங்க, நான் எந்த வாயோட போய்த் தேடுவன் எண்டு அழுதா. அப்பதான் மகள், அவ இவ்வளவு நாளும் அழாம இருந்தவ எண்டது எனக்கு உறைச்சது.

அடுத்த கிழமை அவவும் நானும் புளியந்தீவுக்குப் போனம், காணாமப் போன ஆக்கள்ட பேர் பதியிற கந்தோருக்கு. உன்ட தாளையும் கொண்டு வா எண்டு நிண்டா. அது இன்னும் ஒப்படைக்காத கட்டுரை அக்கா, புள்ளையள் படிப்புக்கு எழுதுறது, அத ஆரும் கணக்கெடுக்க மாட்டாங்க எண்டு எவ்வளவோ சொன்னன். ரைப் பண்ணியிருக்குத்தானே எண்டா. கடைசியா எடுத்துக் கைப்பைக்குள்ள வச்சன். அதுதான் நான் செய்த பிழை, இல்லாட்டி அதுதான் நான் செய்த சரி, எனக்கு இன்னும் தெரியாது.

அங்க வரிசையில நிண்டது முழுக்கத் தாய்மார். எல்லாற்ற கையிலயும் படம். பள்ளிக்கூடச் சட்டையோட ஒண்டு, பெரியபுள்ளையான சடங்குப் படம் ஒண்டு, அடையாள அட்டையப் பெரிசாக்கினது ஒண்டு. எங்கட அக்காட கையில ஒண்டுமில்ல. மேசையில இருந்த பொண்ணு தமிழ்ப் புள்ள, வயது உன்னை விட ஒண்டு ரெண்டு கூட இருக்கும். படம் கேட்டாள், இல்ல. பிறப்பு அத்தாட்சி கேட்டாள், இல்ல. ஏதாவது கடதாசி இருக்கா அம்மா எண்டு கேட்டாள். மரண அத்தாட்சி இருக்கு எண்டு அக்கா சொன்னா. அந்தப் புள்ள பேனைய வச்சிட்டு நிமிந்து பாத்தாள். நான் உன்ட தாள எடுத்துக் குடுத்தன். ஆறுதலா வாசிச்சாள், ரெண்டு தரம் வாசிச்சாள் எண்டு நினைக்கிறன். இது ஆர் எழுதினது எண்டு மெதுவாத்தான் கேட்டாள். நான் வாயத் திறக்க முதல், இஞ்ச நிக்கிற புஸ்பத்திட மகள், கம்பஸில கடைசி வருசம் படிக்கிறாள் எண்டு அக்கா கந்தோருக்கே கேக்கச் சொல்லிப்போட்டா. அந்தக் குரலில இருந்த பெருமைய என்னெண்டு எழுதுவன். தன்ட புள்ள எழுதின மாதிரி.

அத எல்லாரும் கேட்டிட்டாங்க. வரிசையில நிண்ட பொண்டுகள் எங்களச் சுத்தி வந்திட்டாங்க. உங்கட மகளிட்ட என்ட புள்ளையையும் எழுதச் சொல்லுங்கம்மா, ஏறாவூர் றோட்டில வச்சுப் பிடிச்சது. என்ட மகன் படிச்சுக்கொண்டிருந்தவன், அதையும் எழுதச் சொல்லுங்க. ஒரு மனுசி தன்ட மகன்ட படத்த என்ட கைப்பைக்குள்ள வச்சுத் தள்ளினா. வாங்கவும் ஏலல்ல, திருப்பிக் குடுக்கவும் ஏலல்ல. மேசைப் புள்ள எழும்பி எல்லாரையும் இருக்கச் சொல்லிப்போட்டு, அம்மா இந்தத் தாள நாங்க ஆதாரமா எடுக்க ஏலாது, ஆனா நீங்க சொல்லுறத எழுதிறன், சொல்லுங்க எண்டு கோகிலவாணிட பேரப் பதிஞ்சாள். இலக்கம் ஒண்டு தந்தாள். மரண அத்தாட்சிக்குச் சத்தியக் கடதாசி முடிச்சுக்கொண்டு வரச் சொன்னாள். நல்ல புள்ள, நல்லா இருக்கட்டும். தாளத் திருப்பி என்ட கையில தரேக்க மட்டும், இத இப்பிடிக் கொண்டு திரியாதீங்க அம்மா எண்டு குனிஞ்சு சொன்னாள்.

அவள் சொன்னது சரியாப் போச்சு. அந்தக் கிழமையே மோட்டச்சைக்கிளில ரெண்டு பேர் வீட்டுத்திட்டத்துக்கு வந்தாங்க. நம்பர் தகட்டில சேறு அப்பியிருந்தது, மழை இல்லாத நாளில. இலட்சுமிப்பிள்ளை அக்காட வாசலில நிண்டு, கம்பஸ் புள்ள ஒண்டு இஞ்ச கதை எழுதுதாமே, அவட வீடு எது எண்டு கேட்டாங்களாம். தமிழ்தான் கதைச்சாங்களாம். அக்கா, எனக்குப் புள்ளையளும் இல்ல, எழுத்தும் தெரியாது, கடலில எல்லாம் போச்சு தம்பி எண்டு சொன்னவவாம். திரும்பியும் அந்தப் பொய்யத்தான் சொன்னவ, உனக்காக. அவங்க போனாப் பிறகு பின்பக்க வேலியால எங்கட வீட்டுக்கு வந்தா. அண்டைக்குத் துவக்கம் இஞ்சதான் இருக்கா. நான் போக விடல்ல.

அப்பா வந்ததும் சொன்னன். நீ அப்பாவ அறிவாய், சத்தம் போடுற மனுசனில்ல. சோத்துக் கோப்பையத் தள்ளி வச்சுப்போட்டு, ஒரே ஒரு புள்ள, கடலுக்கும் குடுக்கல்ல, சண்டைக்கும் குடுக்கல்ல, இப்ப கடதாசிக்குக் குடுக்கவோ எண்டு கேட்டார். அக்கா அறைக்குள்ள இருந்து கேட்டிருப்பா. நாலாவது பகுதிய முழுக்கக் கிழிச்செறியச் சொல்லு, வேற தலைப்பு எடுக்கச் சொல்லு, மீனப் பத்தி எழுதட்டும், வெள்ளாண்மையப் பத்தி எழுதட்டும், நான் சொல்லிக் குடுக்கிறன் எண்டார். அவர் சொல்லுறதில பிழை இல்ல மகள். நானும் அத எழுதத்தான் இந்தத் தாள எடுத்தன்.

ஆனா எழுதத் தொடங்க முன்னம் உன்ட அத்தியாயத்தத் திரும்பவும் வாசிச்சன், இந்த முறை பயத்தோட வாசிச்சன். முதல் தரம் வாசிக்கேக்க எனக்குக் குறையாப் பட்டது ஒண்டு இருந்தது. உன்ட எழுத்தில ஆரும் ஒண்டும் செய்யிறல்ல. சிறுவர்கள் கொண்டு செல்லப்பட்டனர் எண்டு இருக்கு, ஆர் கொண்டு போனது எண்டு இல்ல. தகவல் மறைக்கப்பட்டது, இடம் மாற்றப்பட்டனர். இதென்ன எழுத்து, ஆளே இல்லாத ஊரில தானா நடந்த மாதிரி எண்டு நினைச்சன். இப்ப விளங்குது. அது உனக்கு ஒரு குடை. அந்தக் குடைக்குள்ள அக்காவையும் வச்சிருக்காய். நீ உன்ட மிஸ்ஸிட்டப் படிச்ச படிப்பு வெறும் படிப்பில்ல. ஆனா குடையில ஓட்டை இருக்கு. வயது போட்டிருக்காய், நாவலடி எண்டு போட்டிருக்காய், எத்தினை புள்ள, எந்தப் புள்ள எண்டு போட்டிருக்காய், தங்கச்சி வீடு இருக்கிற ஊரையும் போட்டிருக்காய். இலக்கம் நாலு எண்டு எழுதினாப்போல ஆளத் தெரியாமப் போகாது. அதையெல்லாம் மாத்து. ஊரே வேணாம், கிழக்கில ஒரு கரையோரக் கிராமம் எண்டு போடு. மகள் எண்டதப் புள்ள எண்டு ஆக்கு. றெக்கோட் பண்ணின நாடாவ உன்ட அறையில வைக்காத, உன்ட மிஸ்ஸிட்டக் குடுத்து வைக்க ஏலுமா எண்டு கேள். தந்திரோபாயத்தையும் பொய்த் தரவையும் வெட்டி எடு. புள்ளையக் காப்பாத்தத் தாய் சொன்னது எண்டு எழுது, அது உன்ட பாசையில எப்பிடி வருமோ அப்பிடி எழுது. ஆனா அந்தப் பகுதிய முழுசா எடுத்துப்போடாத. அப்பாவுக்கு நான் சொல்லிக்கொள்ளுறன்.

இத எழுதிக்கொண்டிருக்கேக்க அக்கா பக்கத்தில வந்து இருந்தா. ஒப்பம் வைக்கிறன், அந்தத் தாளத் தா எண்டா. ஆனா வைக்க முதல் இன்னொருக்கா வாசிக்கச் சொன்னா. பெரிய சொல்லெல்லாம் வந்த இடத்தில பேசாம இருந்தவ, ஒண்டுமில்லாத ஒரு இடத்தில நிப்பாட்டினா. மேற்படி மகள் சுனாமியின் பின்னரும் உயிருடன் இருந்துள்ளார் எண்டு நீ எழுதின இடம். இருந்துள்ளார் எண்டா என்ன புஸ்பம், இப்ப இல்லையா எண்டு கேட்டா. நான் அது எழுத்துத் தமிழ் அக்கா, அப்பிடித்தான் வரும் எண்டன். இல்ல, இருக்கிறா எண்டு போடச் சொல்லு, அப்பதான் ஒப்பம் வைப்பன் எண்டு பேனைய மூடி வச்சிட்டா. நான் எவ்வளவு சொல்லியும் கேக்கல்ல. அதனாலதான் நாலாவது ஒப்பம் இந்த உறைக்குள்ள இல்ல.

உன்ட மிஸ் கேப்பா எண்டு எனக்குத் தெரியும், இருக்கிறார் எண்டு எழுதினா அதுக்கு ஆதாரம் என்ன எண்டு. ஆதாரம் ஒண்டும் இல்ல மகள். படம் இல்ல, கடிதம் இல்ல, கண்ட ஆள் இல்ல. நானும் உள்ளுக்குள்ள என்ன நினைக்கிறன் எண்டு உனக்கு எழுத மாட்டன். நீ அந்த வசனத்த மாத்து. மாத்திப்போட்டு, நீங்க ஒவ்வொரு பக்கத்துக்கும் கீழ சின்ன எழுத்தில ஆர் சொன்னது எண்டு போடுவீங்களே, அதில, தாய் சொன்னது எண்டு போடு.

இந்த லீவுக்கு வராத. எனக்கு உன்னக் காணாம நெஞ்சு அடைக்குது, எண்டாலும் வராத, நான் சொன்னாப் பிறகு வா. மார்கழியில நான் வேணுமெண்டா அங்க வாறன். ஆரும் ஊர் ஆக்கள் எண்டு வந்து விசாரிச்சா, வெளியில போய்க் கதைக்காத, கூட்டாளிப் புள்ளையளோட நில். நேரத்துக்குச் சாப்பிடு. தாளில பென்சிலால சின்னச் சின்னதா எழுதிக் கண்ணக் கெடுக்காத. ஆதம்பாவா காக்காட்ட வாயாலயே கிடைச்சிட்டு எண்டு சொல்லி விடு, பதில் எழுத வேணாம். இதையும் வாசிச்ச உடன நெருப்பில போடு மகள்.

அப்பாட ஆசீர்வாதம் கோவத்தோட இருக்கு, ஆனா இருக்கு. இலட்சுமிப்பிள்ளை மாமி உன்ட தலையில கை வச்ச மாதிரி நினைச்சுக்கொள்ளட்டாம். பிள்ளையார் உனக்கு முன்னால நடக்கட்டும்.

உன்னையே நினைச்சிருக்கும்
அம்மா
ந. புஸ்பம்